செண்பகப் பெருமாள்: ஏடுகள் கூறிட்ட இளவரசன்

இலங்கையின் மலைநாட்டிலே வட்டவளை, அட்டன், நுவரெலியா எனத் தொடரும் தேயிலைத் தோட்டங்களில் வாழ்ந்த மக்களிடம் அரை நூற்றாண்டுக்கு மேலாகக் கேட்கப்பட்ட வினா ஒன்று உண்டு. ‘உன் தகப்பன் எங்கே பிறந்தான்?’ என்பதே அது. 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கக் குடியுரிமைச் சட்டம் அவ்வினாவுக்குச் சட்ட வடிவம் கொடுத்தது. ஒருவன் இந்நாட்டில் பிறந்தான் என்பது மட்டும் போதாதாயிற்று. அவனது தந்தையோ, அன்றேல் தந்தைவழிப் பாட்டனும் பூட்டனுமோ இங்கே பிறந்தமைக்குச் சான்று வேண்டப்பட்டது. கொழுந்து கொய்தவர்களிடம் அத்தகைய பத்திரங்கள் இருக்கவில்லை.

ஆனால் இவ்வினா அச்சட்டத்தோடு பிறந்ததன்று. அதற்கு ஏறத்தாழ ஐந்நூறு ஆண்டுகளுக்கு முன், கோட்டை அரசனின் சார்பில் யாழ்ப்பாணத்தை ஆண்டு, பின்னர் கோட்டைச் சிங்காசனத்திலும் ஏறிய ஓர் இளவரசனை நோக்கியும் அது எழுந்தது. சிங்கள நூல்கள் அவனைச் சப்புமல் குமாரயா என்று அழைக்கின்றன. தமிழ் வழக்கில் அவன் செண்பகப் பெருமாள். ‘சப்பு மல்’ என்பது சிங்களத்திலே செண்பக மலரைக் குறிக்கும். ஒரே மலர் இரு மொழிகளிலும் அவனுக்குப் பெயராயிற்று. பெயரளவில் ஒன்றுபட்டு நின்ற அவ்விளவரசனைப் பின்வந்த ஏடுகள் எவ்வாறு கூறிட்டன என்பதை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும். அவனைப் பற்றிய நூல்களை வரலாற்றுச் சான்றுகளாகப் பயன்படுத்தியோர் பலர். அந்நூல்கள் எவ்வெவற்றைச் சொல்ல விரும்பின, எவ்வெவற்றைச் சொல்ல விரும்பவில்லை என்று நோக்கியோர் சிலரே.

காலமும் களமும்

பதினான்காம் நூற்றாண்டில் இலங்கையின் வடபால் ஆட்சி புரிந்த ஆரியச்சக்கரவர்த்திகள் தென்னிலங்கை அரசியலிலும் பெருஞ் செல்வாக்குச் செலுத்தினர். 1344இல் இத்தீவுக்கு வந்த இபன் பதூதா, ஆரியச்சக்கரவர்த்தியின் மரக்கலங்களையும் முத்துக்களையும் கண்டு வியந்து எழுதினான். 1359ஆம் ஆண்டுக்குரிய மடவளைச் சாசனம், மார்த்தாண்டப் பெருமாள் என்பான் மலைநாட்டின் சில பகுதிகளிலே வரி பெறும் உரிமை கொண்டிருந்தமையைக் காட்டுகிறது. கம்பளை அரசர் காலத்தில் மலைகளின் நடுவிலும் வடபுலத்தின் கை நீண்டிருந்தது.

பதினைந்தாம் நூற்றாண்டில் நிலைமை தலைகீழாயிற்று. 1415 அளவில் கோட்டையைத் தலைநகராகக் கொண்ட ஆறாம் பராக்கிரமபாகு, 1467 வரை நீடித்த தனது ஆட்சியிலே தீவு முழுவதையும் ஒரு குடைக்கீழ்க் கொண்டுவர முனைந்தான். அவனது அரசவை ஒரு மொழிக்கே உரியதாய் இருக்கவில்லை என்பது இங்குக் கருதத்தக்கது. முன்னேசுவரம் சிவன் கோயிலுக்கு அவன் வழங்கிய கொடை தமிழிலே பொறிக்கப்பட்டது. தொட்டகமுவே சிறீ இராகுல தேரர் ஆறு மொழிகளில் வல்லவர் என்று போற்றப்பட்டார்; அவற்றுள் தமிழும் ஒன்று என்பது மரபு. அவர் இயற்றிய ‘செலலிஹினி சந்தேசய’ கோட்டை நகரிலிருந்த ஈசுவரன் கோயிலையும் அங்கே எழுந்த தமிழ்ப் பாடலின் ஒலியையும் சிறப்பித்துப் பேசுகிறது. 1421இல் எழுந்த ‘நாமாவலிய’ என்னும் சிங்கள நிகண்டு, நன்னூர்த்துணையார் என்னும் தமிழ்ப் பெயர் தாங்கிய அமைச்சனோடு இணைத்துப் பேசப்படுகிறது. இத்தகைய சூழலில் தமிழ்ப் பெயருடைய இளவரசன் ஒருவன் வளர்ந்தமை வியப்புக்குரியதன்று. அதனை வியப்பாகக் கருதுவது பிற்காலத்தவரின் கண்ணோட்டமேயாகும்.

பிறப்பு என்னும் வினா

செண்பகப் பெருமாளின் பிறப்புப் பற்றி விரிவாக எழுதியவர் போர்த்துக்கேய வரலாற்றாசிரியரான தியோகு தோ கூட்டோ ஆவார். அக்கரையிலிருந்து வந்த அரச குலத்துப் பணிக்கன் ஒருவனுக்குப் பராக்கிரமபாகு உயர்குடிப் பெண்ணொருத்தியை மணம் முடித்து வைத்தான் என்றும், அவர்களுக்குப் பிறந்த புதல்வர் இருவரும் அரச மாளிகையிலேயே வளர்க்கப்பட்டனர் என்றும் அவர் கூறுகிறார். மூத்தவனைப் ‘பெருமாள்’ என்னும் சொல்லிணைந்த பெயராலேயே அவர் சுட்டுகிறார். சிங்கள வரலாற்று நூலான ‘இராஜாவலிய’வும் சப்புமல், அம்புலுகல ஆகிய இரு குமாரர்களும் அரசனால் வளர்க்கப்பட்டவர்கள் என்றே கொள்கிறது.

கூட்டோவின் கூற்று நிகழ்ச்சிக்கு ஏறத்தாழ ஒன்றரை நூற்றாண்டு பிந்தியது. எனினும் அதிலுள்ள செய்தி அக்கால நடைமுறைக்கு ஒத்ததே. படைக்கலப் பயிற்சியில் வல்ல மலையாளப் பணிக்கர்களும் தமிழகப் படைவீரர்களும் இலங்கை அரசர்களிடம் பணி பெற்று, இங்கேயே மணம் புரிந்து, இந்நாட்டவராகவே ஆகிய வரலாறு நெடியது. கூட்டோவின் கதையில் மற்றொரு நுட்பமும் உண்டு. தனது மகள்வழிப் பேரனுக்கே அரசுரிமை சேர வேண்டும் என்று விரும்பிய பராக்கிரமபாகுவுக்கு, வீரத்திலும் மக்கள் மதிப்பிலும் ஓங்கி வந்த வளர்ப்பு மைந்தன் ஓர் இடையூறாகத் தோன்றினான் என்பதே அது. இதனை ஏற்பின், யாழ்ப்பாண ஆட்சி அவனுக்குப் பரிசாக மட்டுமன்றித் தலைநகரிலிருந்து அவனை விலக்கி வைக்கும் வழியாகவும் அமைந்தது எனலாம். 

இது தனியொருவனின் கதையும் அன்று. வலுமிக்க நிலையான படையோ, ஊதியம் பெறும் அதிகாரி வர்க்கமோ வளர்ச்சி பெறாத நிலமானிய அமைப்பில், தொலைவிலுள்ள நாட்டை ஆள்வதற்கு அரச குடும்பத்து உறுப்பினனை அனுப்புவதே அரசனுக்கிருந்த எளிய வழி. நாட்டையும் படையையும் வருவாயையும் ஒருங்கே பெற்ற இளவரசன் அரசனுக்குத் தூணாகவும் அமையலாம். அரியணைக்குப் போட்டியாளனாகவும் மாறலாம். பராக்கிரமபாகுவின் இறுதிக் காலத்தில் மலைநாட்டை நிருவகித்த ஜோதிய என்பான் திறை செலுத்தாது கிளர்ந்தபோது, அம்புலுகல இளவரசன் அனுப்பப்பட்டு அக்கிளர்ச்சி ஒடுக்கப்பட்டது. பின்னர் கம்பளை அரச மரபினன் ஒருவனிடமே மலைநாடு ஒப்படைக்கப்பட்டது. வடக்கே செண்பகப் பெருமாள், மலைநாட்டிலே கம்பளை மரபினன் என ஒரே முறை இரு திசைகளிலும் கையாளப்பட்டமையை இங்குக் காணலாம்.

வெற்றியை எழுதிய இரு ஏடுகள்

யாழ்ப்பாணம் கோட்டைக்கு வசமானது 1450இல் ஆகும். முதற் படையெடுப்பு எண்ணிய பயனை அளிக்கவில்லை. அடுத்த படையெடுப்பிலேயே செண்பகப் பெருமாள் நகரைக் கைப்பற்றினான். அந்நிகழ்ச்சியை இராஜாவலிய விவரிக்கும் முறை குறிப்பிடத்தக்கது. கரிய குதிரைமீதேறி அவன் நகருட் புகுந்தமையும், வீதிகளிலே குருதி பெருகியமையும், ஆரியச்சக்கரவர்த்தி கொல்லப்பட்டு அவனது மக்கள் சிறைப்பட்டமையும் அதிலே கூறப்படுகின்றன.

இதே நிகழ்ச்சியைத் தமிழ் மரபில் காண விழைவோர் ‘யாழ்ப்பாண வைபவமாலை’யை நாட வேண்டும். ஒல்லாந்தர் ஆட்சிக் காலத்தில், 1736 அளவில், மயில்வாகனப் புலவரால் எழுதப்பட்ட இவ்வுரைநடை நூலில் செண்பகப் பெருமாள் என்ற பெயர் காணப்படவில்லை. கோட்டையின் படையெடுப்பும் இல்லை. அங்கு வருவது ஒரு கலகம். கனகசூரிய சிங்கையாரியனின் ஆட்சியில் சிங்களவர் கிளர்ந்தெழ, அரசன் குடும்பத்தோடு தமிழகத்துக்குச் சென்றுவிட, விசயவாகு என்பவன் பதினேழு ஆண்டுகள் கொடுங்கோல் செலுத்தினான் என்று அந்நூல் கூறுகிறது. தமிழரைச் சிங்கள நடையுடை பாவனைகளைக் கைக்கொள்ளும்படி அவன் வற்புறுத்தியதாகவும், பலர் நாட்டைவிட்டு நீங்கியதாகவும் அது மேலும் உரைக்கும். இறுதியில் கனகசூரியனின் புதல்வர் படைகொண்டு வந்து விசயவாகுவைத் தோற்கடித்து ஆட்சியை மீட்கின்றனர்.

1450ஓடு பதினேழைக் கூட்டினால் 1467 வரும். பராக்கிரமபாகு இறந்ததும், செண்பகப் பெருமாள் அரியணையை நாடி யாழ்ப்பாணத்தைவிட்டுத் தெற்கே சென்றதும் அக்காலத்திலேயே. ஆகவே வைபவமாலையின் விசயவாகு செண்பகப் பெருமாளே என்று கொள்வதற்கு வலுவான ஆதாரம் உண்டு. ஆனால் செண்பகப் பெருமாள் யாழ்ப்பாணத்திலே தோற்கடிக்கப்பட்டவன் அல்லன். அதனைவிடப் பெரிய அரசொன்றைப் பெறுவதற்காக அதனை விட்டுச் சென்றவன். அவன் சென்றமையால் ஏற்பட்ட வெற்றிடத்திலேயே கனகசூரியன் மீண்டும் கால்கொண்டான். 

இரு ஏடுகளையும் அருகருகே வைத்து நோக்கும்போது ஓர் உண்மை புலனாகும். தப்பிச் சென்ற கனகசூரியனை இராஜாவலிய கொன்றுவிடுகிறது. விட்டுச் சென்ற செண்பகப் பெருமாளை வைபவமாலை தோற்கடித்துவிடுகிறது. ஒவ்வோர் ஏடும் எதிர்த்தரப்பு அரசனை எழுத்திலே வீழ்த்திவிடுகின்றது. வரலாற்று நூல்களில் நாம் வெற்றி எனப் படிப்பவற்றுள் எத்துணை போர்க்களத்தில் நிகழ்ந்தவை, எத்துணை எழுத்தாணி முனையில் நிகழ்ந்தவை என்று வினவ வேண்டிய தேவையை இது உணர்த்துகிறது.

குயில் கண்ட நகரம்

இவ்விரு ஏடுகளும் நிகழ்ச்சிக்குப் பலகாலம் பிந்தியவை. செண்பகப் பெருமாளின் காலத்திலேயே எழுந்த இலக்கியம் ஒன்று உண்டு. தெற்கே தேவுந்தரையிலிருந்த இருகல்குலத் திலக பிரிவெனாவைச் சேர்ந்த பௌத்த துறவி ஒருவர் இயற்றிய ‘கோகில சந்தேசய’ என்னும் குயில்விடு தூதே அது. தீவின் தென்கோடியிலிருந்து புறப்படும் குயில் பல ஊர்களையும் கடந்து வடகோடியிலுள்ள யாழ்ப்பாணத்தை அடைந்து, அங்கு ஆட்சி புரியும் சப்புமல் குமாரனிடம் செய்தி சேர்க்க வேண்டும்.

தூது இலக்கியத்தின் அமைப்பே இங்கு ஓர் அரசியற் கூற்றாகிவிடுகிறது. தெற்கு முனையையும் வடக்கு முனையையும் ஒரு பறவையின் பாதையால் இணைக்கும்போது, தீவு முழுவதும் ஓரரசின் கீழ் வந்துவிட்டது என்பதைக் கவிஞர் சொல்லாமற் சொல்லிவிடுகிறார். யாழ்ப்பாண நகரை அவர் வருணிக்கும் விதமும் கருதத்தக்கது. மாளிகைகள் நிறைந்த, பொற்கொடிகள் பறக்கின்ற அந்நகரைக் குபேரனின் அளகாபுரிக்கு ஒப்பிடுகின்றார். பகைவரின் நகராக அன்றி அழகிய நகராகவே அவர் அதனைக் காண்கிறார். ஒரு சிங்களத் துறவியின் கவிதையில் தமிழரின் நகர் இத்துணைப் பெருமையோடு இடம்பெற்றமை நம் இலக்கிய வரலாற்றிலே போதிய கவனத்தைப் பெறவில்லை.

எனினும் குயிலின் கண்ணுக்கும் ஓர் எல்லை உண்டு. அதற்கு மாளிகைகள் தெரிகின்றன, கொடிகள் தெரிகின்றன, இளவரசன் தெரிகிறான். நகரை எழுப்பியவர் யார், முன்னைய அரசனை இழந்த மக்கள் புதிய ஆட்சியை எவ்வாறு ஏற்றனர் என்பன அதற்குத் தெரியவில்லை. புகழ்ச்சி இலக்கியத்தின் இயல்பான குறை இது. இராஜாவலிய குருதி பெருகிய வீதிகளைக் காட்டியது. கோகில சந்தேசய கொடி கட்டிய வீதிகளைக் காட்டியது. இவை ஒரே வீதிகளே என்பதை நினைவில் வைத்துக்கொண்டு படிக்கும்போதுதான் அவனது ஆட்சியின் முழுமை ஓரளவேனும் நம் முன் தோன்றும்.

ஒருவன் இருவனான கதை

வைபவமாலையில் விசயவாகுவாக வந்த கொடுங்கோலனோடு செண்பகப் பெருமாளின் கதை முடிந்துவிடவில்லை. அதே நூலில், அதற்கு வெகு முன்னதாக, மற்றொரு பாத்திரம் தோன்றுகிறது. யாழ்ப்பாண அரசின் தொடக்கத்தில் முதல் ஆரியச்சக்கரவர்த்தியின் அமைச்சனாக விளங்கிய புவனேகவாகு என்பவனே அவன். நல்லூரில் கந்தசுவாமி கோயிலை எடுப்பித்த பெருமை அவனுக்கே உரித்தாக்கப்படுகிறது. ‘கைலாயமாலை’யின் இறுதியிலே காணப்படும் தனிச் செய்யுள் ஒன்றும் இதனைக் கூறி, சக ஆண்டு 870 என்று காலமும் குறிக்கின்றது. அது கி.பி. 948 ஆகும்.

செண்பகப் பெருமாள் கோட்டையில் முடிசூடியபோது ஏற்ற பெயரும் புவனேகபாகு என்பதே. அவன் ஆறாம் புவனேகபாகு. நல்லூர்க் கந்தசுவாமி கோயிலிலே இன்றும் ஓதப்படும் கட்டியத்தில் புவனேகபாகுவின் பெயர் ‘சிறீ சங்கபோதி’ என்ற அடைமொழியோடு வருகிறது. இவ்வடைமொழி ஆரியச்சக்கரவர்த்திகளுடையதன்று. அவர்களுடைய பட்டப்பெயர்கள் செகராசசேகரன், பரராசசேகரன் என்பன. சிறீ சங்கபோதி என்பது சிங்கள அரசர்கள் வழிவழியாகச் சூடிய விருதுப்பெயர். முருகன் சந்நிதியில் ஒலிக்கும் கட்டியத்தில் அப்பெயர் நிலைபெற்றிருப்பதற்கு, அக்கோயிலோடு தொடர்புடையவன் செண்பகப் பெருமாளே என்று கொள்வதே இயல்பான விளக்கமாகும். வரலாற்றாசிரியர் பலர் இம்முடிபையே ஏற்பர். முந்திய புவனேகவாகு ஒருவனும் இருந்தான் எனக் கொள்வோரும் உளர். ஆயினும் அமைச்சன் ஒருவனுக்கு அரச விருதுப்பெயர் எவ்வாறு வாய்த்தது என்ற வினாவுக்கு அவர்கள் விடையிறுத்தல் வேண்டும். 

இம்முடிபை ஏற்றுக்கொண்டால், வைபவமாலை மரபு செய்திருப்பது யாது என்பது தெளிவாகும். நாட்டை வென்றவனும் கோயிலை எடுத்தவனும் ஒருவனே என்பதை அம்மரபினால் தாங்கிக்கொள்ள இயலவில்லை. ஆதலால் அவனை இருவனாக்கிற்று. வென்றவனுக்கு விசயவாகு என்று பெயரிட்டுக் கொடுங்கோலனாக்கித் தோற்கடித்தது. கோயில் எடுத்தவனுக்குப் புவனேகவாகு என்ற பெயரை விட்டுவைத்து, அவனைப் பல நூற்றாண்டுகள் பின்தள்ளி, ஆரியச்சக்கரவர்த்தியின் பணிவான அமைச்சனாக்கிற்று. வெறுப்புக்கு ஓர் உருவம், பக்திக்கு ஓர் உருவம்.

இதனை மயில்வாகனப் புலவரின் குற்றமாகக் கொள்ளல் நேர்மையாகாது. தமக்கு முன்னிருந்த ஏடுகளையும் செவிவழிக் கதைகளையும் தொகுத்தவர் அவர். அவர் எழுதிய காலத்தில் யாழ்ப்பாண அரசு அழிந்து ஒரு நூற்றாண்டுக்கு மேலாகிவிட்டது. நல்லூர்க் கோயில் 1621இல் போர்த்துக்கேயத் தளபதி பிலிப்பே தெ ஒலிவேராவினால் இடிக்கப்பட்டது. இன்றைய கோயில் பதினெட்டாம் நூற்றாண்டில் வேறிடத்திலே எழுந்தது. அரசையும் கோயிலையும் இழந்த சமூகமொன்று தன் பழம்பெருமையைக் களங்கமற்ற ஒரு நேர்கோடாக நினைவுகூர விரும்பியமை புரிந்துகொள்ளக்கூடியதே. விளங்கிக்கொள்ளுதல் வேறு, அதனையே வரலாறாக ஏற்றுக்கொள்ளுதல் வேறு. கோயில் இடிந்தது, ஏடுகள் திரிந்தன, ஓதுவார் நாவில் நின்ற கட்டியம் மட்டும் பெயரை மாற்றாது காத்து வந்தது. எழுதப்பட்ட வரலாற்றைவிட ஓதப்பட்ட வாழ்த்து உண்மைக்கு அணித்தாய் நின்றமை எண்ணத்தக்கது.

கோட்டையில் எழுந்த கலகம்

தமிழ் மரபு மட்டுமே அவனைக் கூறிட்டது என்று கொள்ளுதலும் தவறாகும். 1467இல் பராக்கிரமபாகு இறந்ததும் அவனது பேரன் அரியணை ஏறினான். செண்பகப் பெருமாள் யாழ்ப்பாணத்திலிருந்து படையோடு சென்று அவனைக் கொன்று, 1469 அளவில் புவனேகபாகு என்ற பெயருடன் முடிசூடினான். யாழ்ப்பாணத்தை வென்று தந்தபோது அவனைக் கொண்டாடிய தென்னிலங்கையில் இப்பொழுது கலகம் வெடித்தது. இராஜாவலிய அதற்குச் ‘சிங்களப் பெரளிய’, அஃதாவது சிங்களக் கலகம், என்று பெயரிடுகிறது. நான்கு கோறளைப் பகுதியிலே பரவிய அக்கலகத்தைத் தம்பியாகிய அம்புலுகல இளவரசனின் துணைகொண்டே அவன் அடக்கினான். தெடிகமவிலுள்ள சாசனம், நான்கு கோறளை மக்களுக்கு அவன் வழங்கிய பொது மன்னிப்பை இன்றும் சொல்லி நிற்கிறது.

இக்கலகத்தின் காரணம் பற்றிக் கருத்து வேறுபாடு உண்டு. அயற்பிறப்பினன் ஒருவன் அரசனானமைக்குச் சிங்களவர் காட்டிய எதிர்ப்பே இது என்பர் ஒரு சாரார். உரிமையுள்ள வாரிசைக் கொன்றமையால் எழுந்த பிரதேசக் கிளர்ச்சியே என்பர் மற்றொரு சாரார். பிந்தியதே பொருத்தமுடையதாகத் தோன்றுகிறது. ஏனெனில் கலகத்தை அடக்கிய அம்புலுகல இளவரசனும் அதே தந்தைக்குப் பிறந்தவன் என்றே கூட்டோ கூறுகிறார். அவனே பிற்காலத்தில் கோட்டை அரசனாகவும் ஆனான். பிறப்பே தடையாயிருந்திருப்பின் இது நிகழ்ந்திராது. ஆனால் கலகத்துக்கு ‘சிங்கள’ என்ற பெயர் சூட்டப்பட்டதும், பின்வந்தோர் அதனை இனப்போராகவே படிக்கத் தலைப்பட்டனர். யாழ்ப்பாண ஏட்டில் சிங்களக் கொடுங்கோலன். கோட்டையின் கலகக் கதையிலோ அயலான். ஒருவனே இரு பக்கத்தாராலும் எதிர்ப்பக்கத்துக்குரியவனாக ஒதுக்கப்பட்டான்.

அவனது ஆட்சியின் மறுபக்கமும் இங்கு நினைக்கத்தக்கது. பர்மாவின் பெகு நாட்டு மன்னன் தம்மசேதி, தன் நாட்டுப் பௌத்த சங்கத்தைத் தூய்மைப்படுத்தும் பொருட்டுத் துறவிகளை இலங்கைக்கு அனுப்பினான். அவர்கள் 1476இல் களனி ஆற்றிலே உபசம்பதா பெற்றுச் சென்றனர். பெகுவில் தம்மசேதி பொறிப்பித்த கல்யாணிச் சாசனங்கள் அந்நிகழ்ச்சியைக் கூறும். அப்போது இலங்கையில் அரசனாயிருந்து அவர்களை வரவேற்றவன் ஆறாம் புவனேகபாகு. நல்லூரில் முருகன் சந்நிதிக் கட்டியத்தில் வாழ்பவனும், பர்மியப் பௌத்தக் கல்வெட்டில் வாழ்பவனும் ஒருவனே. இவ்விரண்டுக்கும் இடையே முரண்பாடு இருப்பதாக அவன் எண்ணியதற்கு எத்தகைய சான்றும் இல்லை. முரண்பாட்டைக் கண்டவர்கள் அவனுக்குப் பின்வந்தவர்களே.

முடிவுரை

செண்பகப் பெருமாளை ஒற்றுமையின் திருவுருவாகப் போற்றுவதும் பொருந்தாது. அவன் நிலமானிய காலத்து இளவரசன். யாழ்ப்பாணத்தைக் குருதி சிந்தியே வென்றான். கோட்டை அரியணையையும் கொலையினூடாகவே அடைந்தான். அவன் ஆண்ட யாழ்ப்பாணமும் நிலைக்கவில்லை. அவன் நீங்கியதும் தனியரசாயிற்று. இளவரசரிடையே நாட்டைப் பகிர்ந்தளித்த அம்முறையே பிற்காலத்தில் கோட்டையையும் விழுங்கிற்று. 1521இல் அரசனின் புதல்வர் மூவரும் தந்தையைக் கொல்வித்து நாட்டைப் பங்கிட்டுக்கொண்டனர். அப்பிளவு போர்த்துக்கேயருக்கு வாயிலாயிற்று.

ஆனால் அவனுடைய வாழ்க்கையைக் கூறிட்ட ஏடுகள் நமக்கு உணர்த்தும் பாடம் வேறு. ஒரு மனிதனை முழுமையாக நினைவுகூர ஒரு சமூகம் அஞ்சும்போது, அவனை வெட்டித் துண்டுகளாக்கி, தனக்கு வேண்டிய துண்டை மட்டும் வைத்துக்கொள்கிறது. தமிழர் கோயிலை எடுத்துக்கொண்டு வென்றவனை விட்டுவிட்டனர். சிங்களவர் வென்றவனை எடுத்துக்கொண்டு பணிக்கனின் மகனை மறந்துவிட்டனர். பாடநூல்களும் இவ்வழக்கத்தையே தொடர்ந்தால், பல்கலைக்கழகங்களில் அருகருகே அமர்ந்து பயிலும் இரு மொழி மாணவரும் ஒரே அரசனை இரு வேறு மனிதராகவே அறிவர்.

தொடக்கத்திலே குறித்த வினாவை இங்கு மீண்டும் நினைவுகூர்தல் பொருத்தமாகும். அக்கரையிற் பிறந்த தந்தைக்கு இக்கரையில் பிறந்தவன் ஆறாம் புவனேகபாகு என்பது கூட்டோவின் கூற்று. அது மெய்யாயின், 1948ஆம் ஆண்டுச் சட்டத்தின் வம்சாவளி விதி அவனுக்கும் குடியுரிமையை மறுத்திருக்கும். தந்தை இங்கே பிறக்கவில்லை. பாட்டனும் பூட்டனும் இங்கே பிறக்கவில்லை. நாட்டின் அரசனாயிருந்தவனே நாடற்றவனாகியிருப்பான். வட்டவளையிலும் அதனைச் சூழ்ந்த தோட்டங்களிலும் இலயன் அறைகளில் பிறந்து, இம்மலைகளுக்கே உழைப்பை ஈந்து, இம்மண்ணிலேயே புதைக்கப்பட்டவர்கள் அந்நிலைக்குத்தான் ஆளாயினர். 1964ஆம் ஆண்டின் சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தம் அவர்களை எண்களாகப் பிரித்தது. 5,25,000 பேர் இந்தியாவுக்கும் 3,00,000 பேர் இலங்கைக்கும் என்று கணக்கிட்டது. 1,50,000 பேரைப் பின்னர் பேசுவதற்கென ஒதுக்கி வைத்தது. 2003ஆம் ஆண்டின் சட்டத்தோடு அவ்வினா சட்டப் புத்தகத்திலிருந்து நீங்கிற்று. 

சட்டப் புத்தகத்திலிருந்து நீங்கிய வினா வரலாற்றுப் புத்தகங்களிலிருந்தும் நீங்க வேண்டும். ஒருவனின் தந்தை பிறந்த ஊரைக்கொண்டு அவனை அளப்பதை விடுத்து, அவன் இம்மண்ணில் என்ன செய்தான் என்பதைக்கொண்டு அளக்கும் திறனாய்வே இன்று வேண்டப்படுவது. நல்லூர்க் கட்டியத்தையும் தெடிகமச் சாசனத்தையும் ஒருங்கே வைத்துப் படிக்கும் ஆய்வாளர் இரு மொழியிலும் தோன்றும்போது, ஏடுகள் கூறிட்ட அவ்விளவரசன் மீண்டும் ஒருவனாவான்.